கடல் கேட்காத வசவு

பாய்மரத் துணி தைக்கிறவளுக்குப் பிறவியிலிருந்தே குரலை உயர்த்திப் பேச வராது. துறைமுகத்தை ஒட்டிய தையல் கொட்டகையில், ஜன்னல் ஓரமாக உட்கார்ந்து கெட்டித் துணியில் தடித்த ஊசியை ஏற்றி இறக்குவாள். யாராவது ஏதாவது கேட்டால் தலையை மட்டும் ஆட்டுவாள். அப்படிப்பட்டவளைத்தான் ஒரு படகுக்காரருக்குக் கட்டிக்கொடுத்தார்கள். படகுக்காரர் பெண்டாட்டி என்றால், மூடுபனி இறங்கும்போதெல்லாம் துறைமேடையின் நுனியில் நின்று, ஊர் கேட்கப் புருஷனைத் திட்டியாக வேண்டும். வேறு வழியே இல்லை.

அந்தக் கடல் அப்படி. பனி இறங்கினால் அதற்கு வாய் முளைத்துவிடும். கரையில் ஒரு விளக்கு வைத்தால் அது பத்து விளக்கு காட்டும். மணி அடித்தால் அதுவும் அடிக்கும். வீட்டுக்காரியின் குரலிலேயே, "என்னங்க, இந்தப் பக்கம் வாங்க" என்று தேனாகக் கூப்பிடும். நம்பிப் படகைத் திருப்பினால் தண்ணீர் கிணறு போலப் பிளந்து விழுங்கிவிடும். ஒரு காலத்தில் பெயர் சொல்லிக் கூப்பிட்டார்கள். மறுநாளே கடல் அத்தனை பெயரையும் ஒப்பித்தது. அதிலிருந்து அந்த ஊரில் யாருக்கும் பெயர் கிடையாது. கரையில் ஒரு தடவை சொன்னது எதுவானாலும் அதற்கு மனப்பாடம்.

கதவைச் சாத்திக்கொண்டு வீட்டுக்குள் நடப்பது மட்டும் அதற்கு எட்டாது. இனிப்பான குரலை எந்தப் படகுக்காரரும் நம்பப்போவதில்லை. ஆகவே வெளியில் இதுவரை சொல்லாத ஒரு வீட்டுக் குறையைச் சொல்லித் திட்ட வேண்டும். வசவு புதிதாக இருந்தால்தான் படகு அந்தக் குரலை நோக்கி வரும்.

இவளும் திட்டித் தீர்த்துவிட்டாள். ஈரத்துண்டைப் படுக்கையில் போடுவது, அவளுடைய அண்ணன் வந்தால் தூங்குவது போல நடிப்பது, தலையணையைத் தன் பக்கம் இழுத்துக்கொள்வது, குறட்டை விடுவது என்று எல்லாமே ஊருக்குத் தெரியும். ஒவ்வொரு தடவையும் நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருக்கும். அவளுடைய ஓரகத்திக்கு இந்தக் கவலையே இல்லை.

"உங்களுக்கென்னக்கா, மாமாகிட்ட தோண்டத் தோண்டக் குறை வரும்" என்று இவள் ஒருநாள் பெருமூச்சு விட்டாள்.

"ஏண்டி, நீ அதுக்கும் கண்ணு வைக்கிறியா?" என்றாள் ஓரகத்தி.

இந்த நிலைமையில்தான் புருஷன் திருந்தினார்.

"கடைத்தெருவுல என்னை ஈரத்துண்டுன்னு கூப்பிடறானுங்க. இனிமே நீ திட்டறதுக்கு ஒண்ணுமே வைக்க மாட்டேன், பாரு" என்றார். துண்டைக் கொடியில் போட்டார். அவளுடைய அண்ணனிடம் அரைநாள் பேசினார். அடுக்களை அலமாரி முழுவதையும் இறக்கித் துடைத்து, தன் இஷ்டத்துக்கு அடுக்கிவிட்டு, இடுப்பில் கைவைத்து நின்று ரசித்தார். திருந்துவதற்கும் நேரங்காலம் வேண்டாமா? பனிக்காலம் தொடங்கும்போதா ஒரு மனுஷன் நல்லவனாவான்? அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

ஒரு வாரம் கழித்து ஒருநாள் மதியமே பனி இறங்கிவிட்டது. துறைமேடையில் பெண்கள் ஒவ்வொருத்தியாகத் திட்ட, படகுகள் ஒவ்வொன்றாக வந்து ஒட்டின. ஓரகத்தி ஒரே மூச்சில் மூன்று புது வசவு விட்டாள். அவள் புருஷன் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு கரையேறினார். கடைசியில் ஒரு படகு மட்டும்தான் பாக்கி. அது இவளுடையது.

துடுப்புச் சத்தம் பக்கத்தில்தான் கேட்டது. இவள் வாயைத் திறந்தாள். புது வசவு ஒன்றுமே வரவில்லை.

"ஈரத்துண்டை..." என்று தொடங்கினாள். அவள் முடிப்பதற்குள் இடப்பக்கமிருந்து கடல் அவள் குரலில் அதையே சொல்லி முடித்தது. வலப்பக்கமிருந்து அவருடைய குறட்டையைப் பற்றித் திட்டியது.

"என்னங்க, நான்தாங்க... வந்துடுங்க" என்றாள்.

துடுப்புச் சத்தம் சட்டென்று விலகியது.

ஓரகத்தி நெற்றியில் அடித்துக்கொண்டாள். "அடிப்பாவி, கொஞ்சறதுக்கு இதுவாடி நேரம்? ஏதாவது இட்டுக்கட்டிச் சொல்லு!"

"பொய் சொன்னா நான்தான்னு அவருக்கு எப்படிக்கா தெரியும்?"

"அப்ப உண்மையைச் சொல்லு. கல்லு மாதிரி நிக்காதே!"

சத்தம் இன்னும் தள்ளிப் போனது. தூரத்தில் தண்ணீர் பிளக்கிற உறுமல் கேட்டது. இவருக்கென்ன, நல்லவராகவே போய்ச் சேருவார், நான் இல்லையா கிடந்து அல்லாட வேண்டும் என்று நினைத்தபோது, ஒரு வாரமாக அடக்கி வைத்திருந்ததெல்லாம் தொண்டைக்கு ஏறியது.

"அலமாரியை ஒழுங்கு பண்ணின பெரிய மனுஷரே! உப்பு டப்பாவை எங்கேய்யா வெச்சுத் தொலைச்சீங்க? கேட்டா தேடறேன்னு மறுபடியும் எல்லாத்தையும் கவுப்பீங்கன்னு கேக்காம இருந்தேன். வாரம் பூரா உப்பில்லாமச் சமைக்கிறேன். அதைத் தின்னுட்டு நல்லா இருக்குன்னு தலையை வேற ஆட்டறீங்களே, உங்க நாக்கு என்ன மரக்கட்டையா?"

இந்த வசவு துறைமேடைக்கே புதிது. கடலுக்கும்தான்.

பனிக்குள்ளிருந்து ஒரு குரல் வந்தது. "நல்லா இல்லன்னு சொன்னா, அதையும் இங்க வந்து கத்துவியேன்னுதான் சொல்லல! டப்பா பரண் மேல இருக்கு, கிழிஞ்ச பாய்த்துணிக்குப் பின்னாடி!"

அது அவரேதான். உப்பைப் பரணில் வைக்கும் புத்தி கடலுக்குக்கூட வராது.

"அங்கேயே நின்னு கதை பேசாம இப்படி வாங்க!" என்று கத்தினாள். குரல் உடைந்துவிட்டது. துடுப்புச் சத்தம் நேராக அவளை நோக்கி வந்தது.

அவர் கரையேறுவதற்குள் கடைத்தெருவுக்கு அவரைக் கூப்பிடப் புதுப் பட்டப்பெயர் கிடைத்துவிட்டது. வீட்டுக்கு வந்ததும் ஈர உடையோடு பரணில் ஏறி டப்பாவை எடுத்தார். எடுத்த வேகத்தில் பரண் தூசி மொத்தமும் அவள் அன்று தைத்து வீட்டுக்குக் கொண்டுவந்து மடித்து வைத்திருந்த வெள்ளைப் பாய்த்துணிமேல் கொட்டியது.

"உங்களுக்குக் கண்ணு..." என்று தொடங்கியவள் சட்டென்று வாயை மூடிக்கொண்டாள். எழுந்துபோய், திறந்திருந்த ஜன்னலைச் சாத்தினாள்.

"ஏன் நிறுத்திட்டே? திட்டேன்" என்றார் அவர், டப்பாவும் கையுமாக.

"ம்ஹும்" என்றாள். "பனிக்காலம் இன்னும் கிடக்கு."