விலைப்பட்டியல் கேள்விக்குறியான மதியம்

மாரண்டஹள்ளி காய்கறி மண்டியின் கம்ப்யூட்டர் ஓரத்தில் ஒரு துண்டுத்தாள் ஒட்டியிருந்தது: "அப்டேட் கேட்டால் வேண்டாம் என்று அமுக்கவும்." எழுதியவர் அங்கே ஆபரேட்டராக இருந்த அக்கா. மண்டியின் இணையதளம் பிஎச்பி என்ற கணினி மொழியின் அரதப்பழசான பதிப்பில் ஓடிக்கொண்டிருந்தது. அக்கா புரோகிராம் படித்தவரல்ல. ஆனாலும் எது நின்றால் எதைத் தட்ட வேண்டும் என்பது அவருக்கு அத்துப்படி. தினமும் நான்கு மணிக்கு அவர் ஏற்றும் விலையைப் பார்த்துத்தான், மறுநாள் காயைப் பறிப்பதா செடியிலேயே விடுவதா என்று சுற்றுப்பட்டு ஊர்களில் முடிவு செய்வார்கள்.

பழைய பதிப்பை இனி ஓட்ட முடியாது என்று தளத்தை வைத்திருந்த சர்வர்காரர்கள் கையை விரித்ததும், புரோகிராம் எழுதுபவன் என்று தர்மபுரியிலிருந்து என்னைக் கூப்பிட்டார்கள். போனவன் வாயை வைத்துக்கொண்டு சும்மா இருந்தேனா? பட்டியலில் தக்காளி, அடுத்து முள்ளங்கி, அதற்கடுத்து கொத்தமல்லி. "என்னக்கா இது, தலையும் இல்ல வாலும் இல்ல. அகர வரிசையில போடக்கூடாதா?" என்றேன். "அது பாட்டுக்கு இருக்கட்டுங்க சார்" என்றார். அந்தச் 'சார்' என்பதில் மரியாதை கொஞ்சம், கிண்டல் நிறைய.

ஒரு மதியம் புதிய பதிப்புக்கு மாற்றினேன். விலைகள் வந்தன, காய்களின் பெயர் இருந்த இடமெல்லாம் கேள்விக்குறிகள். பழைய பதிப்பு தமிழ் எழுத்தைச் சேமித்த விதமே வேறு. அதைக் கவனிக்காமல் எடுத்த என் நகலிலும் அதே கேள்விக்குறிகள். பழைய சர்வரையோ காலையிலேயே நிறுத்திவிட்டார்கள். மணி மூன்றரை.

அக்கா நாற்காலியை இழுத்துப் போட்டார். "அழுவாதீங்க சார், டைப் பண்ணுங்க. மண்டிக்கு வண்டி வர்ற வரிசைதான் அந்தப் பட்டியல். மொதல்ல தக்காளி. பின்னாடியே பாலக்கோட்டு வண்டி, முள்ளங்கி. அப்பறம் கொத்தமல்லி." கண்ணை மூடிக்கொண்டு, மண்டி வாசலிலேயே நிற்பவர்போல ஒவ்வொரு வண்டியாக உள்ளே விட்டார். மலையிலிருந்து ஜீப்பில் வரும் பீன்ஸ் கடைசி. நாற்பது பெயரில் ஒன்றுகூடத் தப்பவில்லை. அவர் காலில் விழலாம் போலிருந்தது, அவ்வளவு சந்தோஷம்.

இப்போது ஓசூரில் பெரிய குழுவோடு புதுப்புதுப் பதிப்புகளில் வேலை செய்கிறேன். ஒரு தளம் வெளியானால் கைதட்டுகிறார்கள், கேக் வெட்டுகிறார்கள். அன்று நாலு மணி தாண்டி மண்டிக்கு வந்த போனுக்கு அதெல்லாம் ஈடாகாது. யாரோ ஒரு விவசாயி, ஸ்பீக்கரில் கேட்டார்: "ஏம்மா, டாண்ணு நாலு மணிக்குப் போடுவீங்களே, இன்னிக்கு என்ன நாலு நிமிசம் லேட்டு?"

அக்கா என் முகத்தைப் பார்த்தார். "டீ குடிக்கப் போயிட்டனுங்க" என்றார்.