மூன்றாவது ஓவர்

பெரியதம்பி எங்கள் வேர்க்கடலை மண்டியில் மூட்டை தூக்கினான். ஞாயிற்றுக்கிழமைகளில் செஞ்சி பஜார் கிளப்புக்கு லெக் ஸ்பின் போட்டான். நான்தான் கேப்டன், விக்கெட் கீப்பரும் நானே. மண்டியில் என்னை ‘மொதலாளி’ என்பான், மைதானத்தில் ‘கேப்டன்’ என்பான். ஒருநாளும் மாற்றிச் சொன்னதில்லை. ஆட்டம் முடிந்து டீ குடிக்கும்போது மட்டும் எதுவும் சொல்லாமல் தள்ளிப்போய் நின்றுகொள்வான். இங்கே வாடா என்று நானும் கூப்பிட்டதில்லை. இப்போது நினைத்தால் வெட்கமாக இருக்கிறது.

அப்போது எங்கள் பக்கமெல்லாம் ஆட்டம் பாயின்மேல்தான். கெட்டித் தரையில் தென்னைநார்ப் பாயை விரித்து, நாலு பக்கமும் இழுத்து ஆணி அடித்துவிடுவோம். அதில் பெரியதம்பியின் பந்து விழுந்தால் போதும், நார் பிடித்துத் திருப்பிவிடும். அவன் பந்தை ஆடத் தெரியாத திண்டிவனத்துக்காரர்கள் பாயில் கோளாறு என்று சண்டைக்கு வருவார்கள்.

1961இல் மதராஸில் ஒரு கம்பெனி தன் டீமுக்கு ஆள் எடுத்தது. டீமில் இடம் கிடைத்தால் அங்கேயே வேலையும் உண்டு. நான் எழுதிப்போட்டு அவனை அழைத்துப் போனேன். அங்கே பாய் இல்லை. புல்லை ஒட்ட வெட்டி, உருளை போட்டு இறுக்கிய மண் பிட்ச். ஆளுக்கு இரண்டு ஓவர் கொடுத்தார்கள். பெரியதம்பியின் பன்னிரண்டு பந்தும் கோடு போட்டதுபோல் நேராகப் போயின. யாரும் சிரிக்கவில்லை, அடுத்த ஆளைக் கூப்பிட்டார்கள்.

திரும்பி வரும் பஸ்ஸில் திண்டிவனம் தாண்டியதும் அவன் கேட்டான்.

“இத்தினி வருசமா பந்தத் திருப்புனது நானா, பாயா கேப்டன்?”

நீதான் என்று சொல்லியிருக்கலாம். எனக்கும் மனசு கசந்திருந்தது. ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன்.

அதோடு அவன் ஆடுவதை விட்டான். நாலைந்து வருஷத்தில் கிளப்பும் கலைந்தது. அப்போதுதான் அவன் மனைவி பவுனம்மாளின் தம்பி கலியபெருமாள் பந்து போடுவதைப் பார்த்தேன். இருபது வயசு, மாமனைவிட நல்ல மணிக்கட்டு. மாமன் அவனுக்குக் கற்றுக்கொடுக்க இறங்கினான். பஜாரில் பெரியதம்பியைக் கிண்டலுக்கு ‘கோச்’ என்றார்கள், அந்தப் பெயரே நிலைத்துவிட்டது.

ராஜகிரி மலைக்குக் கீழே எங்களுக்குக் கொஞ்சம் தரிசு இருந்தது. அதைக் கேட்டு வாங்கி, ஏரி வண்டல் கொட்டி, அருகம்புல் நட்டு, மதராஸில் பார்த்ததைப்போல ஒரு பிட்ச் போட்டான் பெரியதம்பி. பவுனம்மாள் கழனி வேலை முடிந்து வந்து குடம் குடமாகத் தண்ணீர் ஊற்றினாள். தம்பி மதராஸில் பேண்ட் போட்டு வேலைக்குப் போவதை ஒரு தடவை பார்த்துவிட்டால் போதும் என்பாள்.

“கிளப் பாய் சும்மாதானே கெடக்குது, அதுலயும் கொஞ்சம் போடட்டுமே” என்று நான் சொன்னேன்.

“வேணாம் கேப்டன். பாய் பொய் சொல்லும், மண்ணு சொல்லாது. அத்த நீங்களே எடுத்துக்கினு போயிடுங்க.”

மண்டியில் கடலை காயவைக்க அந்தப் பாய் எனக்குத் தோதாக இருந்தது. அதனால்தான் நான் இன்னொரு தடவை சொல்லவில்லை.

ஒரு வருஷம் அந்த மண்ணில் கலியபெருமாள் பாடுபட்டான். முழு பலத்தோடு மணிக்கட்டைத் திருகினால்தான் பந்து கொஞ்சமாவது திரும்பும். திருகினான், திரும்பியது. ஆறு வருஷம் கழித்து, 1967 புரட்டாசியில்தான் அதே கம்பெனி மறுபடியும் ஆள் எடுத்தது. மூன்று பேரும் போனோம்.

முந்தின நாள் பெய்த மழையில் மதராஸ் பிட்ச் ஊறிக் கிடந்தது. பக்கத்து மைதானத்தில் பாய் விரித்துவிட்டார்கள்.

பெரியதம்பியின் முகத்தை நான் பார்க்கவில்லை, பார்க்கத் தைரியம் இல்லை. கலியபெருமாள் பழக்கத்தில் முழு பலத்தோடு திருகினான். பாய் பிடித்துத் திருப்பிய பந்து பேட்டையும் ஸ்டம்பையும் தாண்டி, கீப்பர் கைக்கும் எட்டாமல் ஓடியது. அடுத்ததும் அப்படியே. “மெள்ள, மெள்ள” என்று பெரியதம்பி வெளியே நின்று கத்தினான். இரண்டு ஓவர் முடிந்தது. அடுத்த ஆளைக் கூப்பிட்டார்கள்.

இரண்டு நாள் கழித்து பெரியதம்பி மச்சானோடு மண்டிக்கு வந்தான். பாயில் கடலை காய்ந்துகொண்டிருந்தது.

“மொதலாளி, இத்த கொஞ்சம் குடுங்க.”

மண்டியில் கடலை புடைத்துக்கொண்டிருந்த பவுனம்மாள் எழுந்து வந்து கடலையை அள்ளினாள். நாங்கள் மூன்று பேரும் பாயைத் தூக்கிப்போய்ப் பழைய கிளப் மைதானத்தில் விரித்து ஆணி அடித்தோம். பல வருஷம் கழித்து நான் ஸ்டம்புக்குப் பின்னால் குனிந்தேன். முதல் ஓவர் மதராஸில் போலவே எல்லாம் வெளியே போனது. இரண்டாவது ஓவரிலும் அதே கதை, கடைசிப் பந்து மட்டும் ஸ்டம்பை உரசுகிற மாதிரி வந்தது. மூன்றாவது ஓவரில் முதல் பந்து ஆஃப் ஸ்டம்பைச் சாய்த்தது. நட்டு வைத்தேன், மறுபடியும் சாய்த்தது. ஆறில் நாலு ஸ்டம்பில் பட்டது.

“பாத்தியா மாமா, வந்துடுச்சி” என்று கலியபெருமாள் சிரித்தான். பாவம், அவனுக்கு உண்மையிலேயே சந்தோஷம்.

பெரியதம்பி பாயின் ஓரத்தில் உட்கார்ந்துவிட்டான்.

“மூணு ஓவரு” என்றான். “ஒரு நாளு, ஒரே ஒரு நாளு இதுல வுட்டிருந்தா போதுமே. நான்தான் கெடுத்துட்டேன்.”

தடுக்காமல் இருந்தது நான்தான் என்று சொல்லாமல், சாய்ந்த ஸ்டம்புகளைப் பொறுக்கினேன். அவன் எழுந்து ஒவ்வொரு ஆணியாகப் பிடுங்கி என் கையில் கொடுத்தான்.

“திங்கக்கெழமலேருந்து இவனும் மூட்ட தூக்க வருவான். பாய எடுத்துக்கினு போங்க மொதலாளி.”

மைதானத்தில் அவன் என்னை அப்படிக் கூப்பிட்டது அன்றைக்குத்தான் முதல் தடவை. அதற்குப் பிறகு எங்கேயும் வேறு மாதிரி கூப்பிடவில்லை.