எண்ணெய்க் குளியலும் ஆஃப் ஸ்பின்னும்: மாம்பலத்திலிருந்து அடையாறு வரை

பேட்ஸ்மேன் கண்ணுக்குப் பந்து தெளிவாகத் தெரிய, மைதானத்தின் இரு முனையிலும் பெரிய வெள்ளைத் தட்டி நிறுத்தியிருப்பார்கள். நான் அதை நிழலுக்கு வைத்தது என்று நினைத்து, முன்னால் கறுப்புக் குடையை விரித்து உட்கார்ந்துவிட்டேன். ஆட்டம் நின்றது. "யோவ் குடை! எந்திரிய்யா!" என்று மைதானமே கத்தியது. அம்பயர் பௌலரிடம், "யாருப்பா அது?" என்றார்.

"தெரியல சார்."

அந்த பௌலர் என் மகன் பாஸ்கர்.

தொண்ணூறுகளின் நடுவில் ஒரு சனிக்கிழமை. பாஸ்கருக்கு இருபத்திரண்டு வயது. ஒரு வங்கி தன் கிரிக்கெட் அணிக்கு ஆள் எடுக்க, அடையாறில் ஒரு கல்லூரி மைதானத்தில் ஆட்டம் வைத்திருந்தது. தேறினால் மாதச் சம்பளம். சுழற்பந்து போடுவதுதான் வேலை. இடம் ஒன்று, வந்த ஸ்பின்னர்கள் மூன்று பேர். பிள்ளையோடு இப்படிக் கிளம்புகிறவர்களுக்கு உதவுமே என்று வழியை எழுதுகிறேன்.

மேற்கு மாம்பலத்தில் ஆறரைக்குக் கிளம்பத் திட்டம். கிளம்பியது ஏழேகால். காரணம் நான்தான். சனிக்கிழமை, அதுவும் நாள் முழுக்க வெயிலில் நிற்கப் போகிறவன், எண்ணெய் தேய்த்துக் குளிக்காமல் போவதா?

"இன்னிக்கு வேணாம்ப்பா. விரல்ல காய்ப்பு ஊறிடும்."

"பத்து வருஷமா காய்ச்ச விரல் பத்து நிமிஷத்துல ஊறிடுமா? உக்காருடா!"

ஆஃப் ஸ்பின்னருக்கு ஆள்காட்டி விரலில் பந்தின் தையல் உரசி உரசித் தோல் தடித்திருக்கும். பத்தாம் வகுப்பையே இரண்டாம் முயற்சியில் தாண்டிய எனக்கு அதன் அருமை எங்கே தெரியும்? உள்ளங்கையிலும் தாராளமாகத் தேய்த்து, வெந்நீரும் சீயக்காயுமாக அரைமணி நேரம் ஊறவைத்தேன்.

ரயில் நிலைய நடைபாலம் ஏறி இறங்கி, தி.நகர் பஸ் நிலையத்துக்கு இருபது நிமிட நடை. கடைகள் திறந்துவிட்டால் நாற்பது ஆகும். நாங்கள் போனபோது பஸ் போய்விட்டிருந்தது. அடையாறுக்கு ஆட்டோ, முப்பத்தைந்து ரூபாய். ஆறு கிலோமீட்டர் இருக்கும். ஓட்டுநர் கண்ணாடியில் பாஸ்கரைப் பார்த்தார்.

"இன்னா நைனா, புள்ள மூஞ்சி மின்னிக்கினு கீது? பொண்ணு பாக்கவா?"

"மேட்ச் ஆடப் போறான்."

"பாத்து நைனா, பந்து வழுக்கிக்கினு பூடப் போவுது!"

நான் சிரித்தேன். பாஸ்கர் கையைப் பேண்ட்டில் துடைத்துக்கொண்டே வந்தான்.

முதல் மூன்று ஓவர் பந்து நன்றாகத் திரும்பியது; ஒரு விக்கெட்டும் விழுந்தது. குடை சமாச்சாரம் அப்போதுதான். நான்காவது ஓவரில் பந்து நழுவ ஆரம்பித்தது. ஐந்தாவதில் பேண்ட்டில் ரத்தக்கறை. காய்ப்பு பிளந்திருந்தது. பந்து போடும் கையில் பிளாஸ்திரி ஒட்டக் கூடாது என்றார் அம்பயர். வெறும் விரலோடு இன்னும் ஓர் ஓவர் போட்டான். அடித்து நொறுக்கினார்கள்.

சாப்பாட்டு நேரத்தில் தேர்வாளர் அவன் கையைத் திருப்பிப் பார்த்தார். நான் தண்ணீர் பாட்டிலோடு இரண்டடி தள்ளி நின்றேன்.

"என்னப்பா பண்ணே?"

"காலைல எண்ணெய் தேச்சுக் குளிச்சுட்டேன் சார்."

"மேட்ச் அன்னிக்கா? இதுகூடத் தெரியாம நீயெல்லாம் ஸ்பின் போடறே?" என்றவர் என்னைப் பார்த்தார். "இவர் யாரு?"

"எங்கப்பா சார்."

வங்கி வேறொரு பையனை எடுத்துக்கொண்டது. இரண்டு வருடம் கழித்து இன்னொரு அலுவலக அணியில் பாஸ்கருக்கு வேலை கிடைத்து, முழங்கால் போகும்வரை ஆடினான். அது அவன் கெட்டிக்காரத்தனம்.

போகிறவர்களுக்கு: ஏழு மணிக்குள் பஸ் பிடியுங்கள். குடையோடு பக்கவாட்டில், மரத்தடியில் உட்காருங்கள். தண்ணீர் கொண்டுபோங்கள், அங்கே குழாய் கிடையாது. எண்ணெய்க் குளியலை அடுத்த வாரத்துக்குத் தள்ளிவையுங்கள். சனிக்கிழமை எங்கும் ஓடிப்போகாது.

பாட்டிலைப் பிடித்துக்கொண்டு நின்ற அந்த இடத்தில் என் தொண்டை வரை வந்தது ஒரே ஒரு வரிதான். தேர்வாளரிடமும் சொல்லவில்லை, திரும்பி வந்த பஸ்ஸிலும் சொல்லவில்லை: 'அவன் வேணாம்னுதான் சார் சொன்னான்.'