எந்தத் தரையிலிருந்து

மரம் எண்ணும் வேலைக்குச் சேர்ந்தால் முதலில் சொல்லித் தருவது ஓர் உயரம்: தரையிலிருந்து நூற்று முப்பத்தேழு சென்டிமீட்டர். அந்த இடத்தில்தான் நாடாவைச் சுற்ற வேண்டும். படிவத்தில் அதற்கு 'மார்பு உயரச் சுற்றளவு' என்று பெயர். யாருடைய மார்பு என்று படிவம் சொல்வதில்லை. எனக்கு அது தோளுக்கு வரும்.

நாளிதழ் ஒன்றின் மெய்ப்புத் திருத்தும் பிரிவில் இருபது வருடங்களுக்கு மேல் இருந்தேன். அந்தப் பிரிவை மூடிய பிறகு, மரக் கணக்கெடுப்பை ஒப்பந்தம் எடுத்திருந்த ஒரு நிறுவனத்தில் சேர்ந்தேன். திருவொற்றியூரிலிருந்து வடக்கே எண்ணூர் முகத்துவாரம் வரை என் பங்கு. விதிப்படி இது இருவர் வேலை. ஒருவர் அளந்து சொல்ல, மற்றவர் எழுதிக்கொண்டு திருப்பிப் படிக்க வேண்டும். பத்திரிகையில் மெய்ப்பு பார்த்ததும் அப்படித்தான். நிறுவனம் ஒருவரைத்தான் அனுப்பியது. அதனால் நானே அளந்து உரக்கச் சொன்னேன், நானே எழுதினேன், நானே திருப்பிப் படித்தேன். 'உதவியாளர்' என்ற கட்டத்தில் ஒரு சிறு கோடு போட்டேன்.

காலையில் அறையைப் பூட்டியதிலிருந்து மாலையில் திறக்கும் வரை எண்களைத் தவிர வேறு எதுவும் பேசாத நாள்கள் உண்டு. "வேம்பு, எண்பத்து நான்கு. எண்பத்து நான்கு, வேம்பு." கன்டெய்னர் லாரிகள் வரிசையில் நிற்கும் சாலையில் எல்லா மரங்களின் இலைகளும் ஒரே சாம்பல் நிறத்தில் இருக்கும். ஓர் இலையைக் கட்டைவிரலால் துடைத்துப் பார்த்தால்தான் அது என்ன மரம் என்று தெரியும். லாரிக்குள்ளிருந்து ஓட்டுநர்கள் பார்ப்பார்கள். ஒருவரும் எதுவும் கேட்டதில்லை.

முகத்துவாரக்குப்பத்தில்தான் கேட்டார்கள். நான் நாடாவை எடுத்ததுமே, வலை பின்னிக்கொண்டிருந்த ஒருவர் குரல் கொடுத்தார்.

"இன்னா மாமு, மரத்துக்கு ஜாக்கெட் தெக்கப் போறியா?"

பக்கத்தில் இருந்தவர் சொன்னார்: "அளவ ஒயுங்கா எடு. அப்பால டைட்டா கீதுன்னு மரம் பேஜாரு பண்ணும்."

நானும் சிரித்தேன். என் சிரிப்பே எனக்குப் புதிதாகக் கேட்டது.

குப்பத்தின் ஓரமாக ஒரு சாலை வருவதாக இருந்தது. எங்கள் பட்டியலில் ஏறிய மரத்தைச் சுற்றி இடம் விட்டுச் சாலை போடுவார்கள். ஏறாததைப் புதரோடு புதராகக் கழித்துவிடுவார்கள். முப்பது சென்டிமீட்டருக்குக் குறைந்த சுற்றளவு உள்ளது, எவ்வளவு உயரமாக இருந்தாலும், மரம் அல்ல. இன்னொரு விதியும் உண்டு. அடிமரம் மார்பு உயரத்துக்கு மேலே பிரிந்தால் அது ஒரு மரம். கீழேயே பிரிந்தால் ஒவ்வொரு கிளையும் தனி மரம், தனித்தனியாக அளக்க வேண்டும்.

கடைசி வீட்டின் வாசலில் ஒரு பூவரசு நின்றது. அதன் அடியில் ஒரு பெண்மணி அரிவாள்மணையோடு உட்கார்ந்து மீன் ஆய்ந்துகொண்டிருந்தார். ஐம்பது வயதிருக்கும். படகுக்காரர்களிடம் மீன் வாங்குபவர்கள் அவரிடம் கொடுத்துச் செதிலெடுத்து, துண்டு போட்டு வாங்கிப் போவார்கள். உயரம் பார்க்கும் கோலை ஊன்றினேன். மரம் நூற்றுப் பதினெட்டிலேயே இரண்டாகப் பிரிந்திருந்தது. ஒரு கிளை இருபத்தொன்பது, மற்றது இருபத்தேழு. இரண்டு முறை அளந்தேன். படிவத்தில் 'இல்லை' என்று எழுதினேன்.

"நம்பர் போடலியா நைனா?" என்றார் அவர். மற்ற மரங்களில் மஞ்சள் எண் ஏறியதைப் பார்த்திருந்தார்.

விதியைச் சொன்னேன்.

"மரம் இல்லியா? அப்ப நான் எதோட நெயல்ல குந்திகினு கீறேன்?"

"ரெண்டு கிளையும் முப்பதுக்குக் கீழே இருக்கும்மா."

"இத்த வெட்டிட்டா நான் எங்க போவேன்? ஏலக்கூடத்துல ஆளாளுக்கு எடம் புடிச்சு வெச்சுகிறாளுங்க. ஒருத்தி நவுர மாட்டா. வெயில்ல குந்தினா மீனு அரை அவர்ல கெட்டுப்பூடும்." மீனைத் திருப்பிப் போட்டு மறுபக்கம் செதிலெடுத்தார். "ஒரு சென்டி கூடப் போட்டா ஒன் சொத்தா போவுது?"

ஒரு எண்ணைக்கூட மாற்றி எழுதக் கூடாது என்று பழகியவன் நான். அப்படியே அவரிடம் சொல்லிவிட்டு நகர்ந்தேன்.

பேருந்து நிறுத்தத்தில் நிற்கும்போதுதான் ஒன்று இடித்தது. அந்த அம்மா தண்ணீர் எடுக்க வீட்டுக்குள் போனபோது ஒரு படி கீழே இறங்கிப் போனார். வாசலைவிடத் தாழ்வாக யாரும் வீடு கட்டுவதில்லை. அப்படியானால் வாசல் பிறகு உயர்ந்திருக்கிறது. நான் கோலை ஊன்றியது எந்தத் தரையில்?

மறுநாள் அங்கே போய்க் கேட்டேன்.

"ஆமா, நான்தான் ஒசத்தினேன்" என்றார். "வர்சா வர்சம் மயைக்கு மின்ன ஒரு வண்டி ரப்பீஸ் கொட்டுவேன். இல்லன்னா ஆத்துத் தண்ணி நேரா அடுப்பாண்ட வந்துரும்."

இடித்த வீடுகளின் செங்கல்லும் சிமென்ட் கட்டியும்தான் ரப்பீஸ். குப்பத்தில் எல்லோரும் அதைத்தான் கொட்டுகிறார்கள். நாங்கள் இருவரும் ஒரு கடப்பாறையால் மரத்தை ஒட்டித் தோண்டினோம். டைல்ஸ் துண்டுகள் வந்தன, ஒரு குழாய் வந்தது, பிறகு கருப்பு மணல். அங்கே அடிமரம் விரிந்து வேராக இறங்கியது. முப்பத்து நான்கு சென்டிமீட்டர் ஆழம். அங்கிருந்து அளந்தால் பிரிவு நூற்று ஐம்பத்திரண்டில். மார்பு உயரத்தில் ஒரே அடிமரம், சுற்றளவு நாற்பத்தொன்று. அது மரம்தான்.

மேற்பார்வையாளருக்கு ஃபோன் செய்தேன். என்னைவிட வயதில் மிகச் சிறியவர், மரியாதையாகப் பேசுவார்.

"சார், தரைன்னா கண்ணுக்குத் தெரியுற தரைதான் சார். நீங்க தோண்டிப் பாத்ததை எல்லாம் எழுத முடியாது. சரிபார்க்க வர்றவர் கோலை வெப்பாரு. கோல் எங்க நிக்குதோ அதான் தரை."

"மண்ணை எடுத்துட்டா?"

"எடுத்துட்டா அதானே சார் தரை. ஆனா மரத்தைச் சுத்தி நல்லா எடுத்திருக்கணும். குழி மாதிரி இருந்தா பட்டியல்லேர்ந்து அடிச்சிடுவாரு."

அவர் சொன்னதை அப்படியே அந்த அம்மாவிடம் சொன்னேன். மரத்துக்கும் அவர் நிலைப்படிக்கும் நடுவே நான்கு அடிதான். ரப்பீஸை எடுத்தால் மழைத்தண்ணீருக்கும் வீட்டுக்கும் நடுவே எதுவும் இருக்காது. நான் சொல்ல வேண்டியிருக்கவில்லை. அவர் ஏற்கெனவே நிலைப்படியைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"வூடா, நெயலா?" என்றார். யாரிடமும் கேட்கவில்லை. கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு, "தண்ணி வந்தா பத்து நாள்ல வடிஞ்சுரும். நெயல் போச்சுன்னா வருமா?" என்றார். பிறகு வலைக்காரர்களைப் பார்த்துக் கத்தினார். "டேய், வாய மட்டும் வெச்சுனு குந்திகினு கீறீங்களே, மம்மட்டி எடுத்துனு வாங்கடா!"

வந்தார்கள். இரண்டு நாளில் வாசல் முழுவதும் பழைய மணலுக்கு இறங்கியது. நானும் கூடை தூக்கினேன். அது என் வேலை இல்லை; அந்த இரண்டு நாளும் படிவத்தில் ஒரு மரம்கூட ஏறவில்லை. மதியம் எல்லோரும் ஒரே சட்டியிலிருந்து சோறு போட்டுக்கொண்டோம். அதற்கு முன் யாரோடு உட்கார்ந்து சாப்பிட்டேன் என்று யோசித்துப் பார்த்தேன், ஞாபகம் வரவில்லை.

சரிபார்ப்பவர் அடுத்த வாரம் வந்தார். கோலை ஊன்றினார், நாடாவைச் சுற்றினார். "நாப்பத்தொண்ணு. பூவரசு, ஒண்ணு" என்றார். நான் மஞ்சள் பெயின்ட்டில் எண் எழுதினேன். அதோடு என் பங்குப் பகுதி முடிந்தது. அங்கே போக எனக்கு இனிக் காரணம் எதுவும் இல்லை.

ஐப்பசியில் நான்கு நாள் விடாமல் பெய்தது. ஐந்தாம் நாள் லேசாக விட்டதும் பேருந்து ஏறிப் போனேன். வாசலில் முழங்கால் அளவு தண்ணீர். சாலை வேலைக்கு அடித்த முளைகள் பூவரசை விட்டு விலகி வளைந்து போயிருந்தன. அந்த அம்மா மரத்தடியில் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிய ஐஸ் பெட்டிகளின் மேல் உட்கார்ந்து மீன் ஆய்ந்துகொண்டிருந்தார். திறந்த கதவு வழியே கட்டிலின் மேல் பாத்திரங்களும் அடுப்பும் தெரிந்தன.

"இன்னா நைனா, ஒன் மரத்த பாக்க வந்தியா? எப்டி குளிச்சுகினு கீது பாரு."

"வீட்டுக்குள்ள எவ்வளவு தண்ணி?"

"ஒரு சாண். போன வர்சம் வர்ல." குரலில் குறை எதுவும் இல்லை. எண்ணைச் சொல்வதுபோலத்தான் சொன்னார். "துன்னியா?"

சாப்பிட்டுவிட்டேன் என்றேன். சாப்பிட்டிருக்கவில்லை. இலைகளிலிருந்து சொட்டும் தண்ணீரில் நின்றிருந்தேன். அதற்குள் பையில் மீனோடு ஒருவர் வேட்டியை மடித்துக்கொண்டு தண்ணீரில் இறங்கி வந்தார். அந்த அம்மா கை நீட்டிப் பையை வாங்கினார். வாங்கிக்கொண்டே, நிமிராமல் என்னிடம் சொன்னார்:

"கொஞ்சம் அப்டிக்கா தள்ளி நில்லு நைனா. கஸ்டமர் நிக்கணும்ல."

தள்ளி நின்றேன்.