டீயில் நனைத்த நூல்

நகரியில் நூலுக்குச் சாயம் போடுகிற ஒருவரைப் பார்க்கப் போயிருந்தேன். விடாத மழை. குளிரில் எனக்குப் பல் தந்தியடித்தது.

"உள்ள வாப்பா, மாதுளம் டீ போட்டுக்கினு இருக்கேன்" என்றார். இரண்டு கையும் முழங்கை வரை நீலம்.

அடுப்பில் இஞ்சியும் மிளகும் கொதித்தன. மாதுளை முத்துகளை நசுக்கிப் போட்டு, செம்பருத்தி இதழ்களைச் சேர்த்தார். பிறகு ஒரு வெள்ளை நூலை அதில் நனைத்து, ஜன்னல் வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார்.

"இன்னும் ஏறல."

மூன்றாம் தடவை நூல் செக்கச்செவேலென்று வந்தது. "வந்துச்சி பாரு கலரு!" என்று கத்தியேவிட்டார். இரண்டு தம்ளரில் ஊற்றி, ஒன்றை என்னிடம் நீட்டினார்.

"ருசி பாக்க மாட்டீங்களாண்ணா?"

"ஜொரம் வந்து போனதுல இருந்து நாக்குக்கு ஒண்ணும் தெரியலப்பா. நீ குடிச்சிட்டு சொல்லு, சீக்கிரம்!"

வாழ்நாளில் எதையும் நான் அவ்வளவு கவனமாகக் குடித்ததில்லை. முதலில் மாதுளையின் புளிப்பு, பின்னாலேயே ஒரு இனிப்பு, தொண்டையில் இஞ்சி, நெஞ்சு வரை இறங்கும் சூடு. ஒன்றுவிடாமல் சொன்னேன்.

"அப்புறம்? அப்புறம்?"

நான் சொல்லச் சொல்ல, அதுவரை தொடாமல் வைத்திருந்த தன் தம்ளரை எடுத்து, கண்ணை மூடிக்கொண்டு குடிக்க ஆரம்பித்தார்.