மாஹேவுக்குப் போக ஒரு மனு

காரைக்காலில் அரசு வேலை பார்ப்பவர்களுக்கு இடமாற்றம் என்றால் பெரும்பாலும் புதுச்சேரி. அதிர்ஷ்டம் இல்லாதவர்களுக்குக் கேரளப் பக்கத்து மாஹே. எனக்கு மாஹே வந்தது.

மலையாளம் தெரியாதது சின்னக் கவலைதான். விவாகரத்தின்போது நீதிமன்றம் போட்ட உத்தரவுதான் பெரிய கவலை. மகள் என்னோடு இருக்கலாம். ஆனால் ஞாயிறுதோறும் அம்பகரத்தூரில் இருக்கும் அவள் அப்பாவிடம் கொண்டுபோய் விட வேண்டும். மாஹேயிலிருந்து வாராவாரம் எப்படி வருவது? உத்தரவை மாற்றித் தரும்படி மனுப் போட்டேன்.

அவர் கட்டாயம் எதிர்ப்பார் என்று நானே முடிவுகட்டி, பதிலுக்கு ஒரு பேச்சைத் தயாரித்தேன். சமைக்கும்போது பேசிப் பார்த்தேன். பஸ்ஸிலும் உதடு அசைந்துகொண்டே இருந்திருக்கிறது. நெடுங்காட்டில் ஏறிய ஓர் அம்மாள், “மந்திரம் சொல்றீங்களா? சொல்லுங்க, சொல்லுங்க” என்று மரியாதையாகத் தள்ளி உட்கார்ந்துகொண்டார்.

விசாரணையன்று நீதிபதி அம்மா அவரிடம் ஆட்சேபம் உண்டா என்று கேட்டார்.

“இல்லீங்கம்மா. வேலைன்னா போய்த்தானே ஆவணும். பெரிய லீவுல மட்டும் பாப்பா எங்கிட்ட இருக்கட்டும்.”

அவ்வளவுதான். நான் உருப்போட்ட பேச்சுக்கு வேலையே இல்லாமல் போய்விட்டது. வக்கீல் கண்ணைக் காட்டியும் கேளாமல் எழுந்து ஆரம்பித்தேன்: “அம்மா, இவருக்குப் புள்ள எந்த கிளாஸ் படிக்குதுன்னுகூடத் தெரியாது!”

“அஞ்சாவதுங்கம்மா, பி செக்‌ஷன்” என்றார் அவர், மெல்ல.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். “அவருதான் சரின்னுட்டாரேம்மா. நீங்க யாரோட சண்டை போடுறீங்க?”

கோர்ட்டே சிரித்தது. ஓரத்தில் உட்கார்ந்திருந்த என் மகளும் சிரித்தாள். அவர் மட்டும் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். அந்தப் பெருந்தன்மைதான் எனக்குப் பொறுக்கவில்லை.

மகளைத் தனியே அழைத்து விசாரித்தபின் புது உத்தரவு வந்தது: கோடை விடுமுறை முழுதும் அப்பாவோடு, மற்ற நாட்களில் வீடியோவில் பேசலாம்.

அந்த மே மாதம் மாஹேயில் தனியாக இருந்தேன். நிம்மதியாகத் தூங்கலாம் என்று நினைத்தவள், சாயங்காலம் ஆனதும் போனையே பார்த்துக்கொண்டிருந்தேன். கூப்பிட்டால், “அம்மா, அப்பா இறால் தொக்கு வச்சிருக்காங்க, அப்புறம் பேசுறேன்” என்பாள்.

லீவு முடிந்து அழைத்துவரப் போனபோது, “சாப்ட்டுப் போங்க” என்று அவர் எனக்கும் இலை போட்டார். வேண்டாம் என்று சொல்லத்தான் வாயெடுத்தேன். தொக்கை இரண்டு தரம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன். நன்றாக இருக்கிறது என்று மட்டும் சொல்லவில்லை.