வெள்ளிக்கிழமை ஆட்டம், சனிக்கிழமை காலை

என் மகன் இருக்கும் ஊரில் காற்று எந்தப் பக்கத்திலிருந்து அடிக்கிறது என்று எனக்குத் தெரியும். எந்தப் பாலத்தில் வேலை நடக்கிறது, எந்தப் பல் டாக்டர் ஞாயிற்றுக்கிழமையும் பல் பிடுங்குகிறார், வீட்டுக்கு அடியில் இருக்கும் அறையில் தண்ணீர் கசிந்தால் யாரைக் கூப்பிட வேண்டும், எல்லாம் தெரியும். அமெரிக்காவின் நடுவில் இருக்கும் அந்த ஊரை நான் பார்த்ததில்லை. கடலூர் முதுநகரில் ரயிலேறி, சிதம்பரம் மேலவீதியில் ஒரு கடையில் மூக்குக்கண்ணாடி விற்கிறவன் நான். இவ்வளவையும் எனக்குச் சொன்னது அந்த ஊரின் பேஸ்பால் வர்ணனையாளர். மகன் சொல்லவில்லை. அவனோடு நான் அப்போது பேசுவதை நிறுத்தியிருந்தேன்.

மூன்று வருஷத்தில் திரும்பிவிடுவேன் என்று சொல்லிவிட்டுப் போனவன். அதை நம்பி மாடி கட்டினேன். அவனுக்கும் மருமகளுக்கும் என்று ரெண்டு ரூம், தனியாக ஒரு சமையலறை. மேற்கில் வெயில் ஜாஸ்தி என்று அந்தப் பக்கம் ஜன்னல்கூட வைக்கவில்லை. ஆறாவது வருஷம், ஐப்பசியில் ஒரு நாள் போன் பண்ணி, அங்கேயே வீடு வாங்கிவிட்டதாகச் சொன்னான். சந்தோஷமாகச் சொன்னான். அந்தச் சந்தோஷத்தைக் கேட்டுத்தான் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "இனிமே எனக்குப் போன் பண்ணாத. நான் செத்தாலும் வராத" என்று சொல்லி வைத்துவிட்டேன். கோபம் வந்தால் எனக்கு வாய் முதல் ரயிலில் போய்விடும், புத்தி அடுத்த ரயிலில்தான் வரும். இந்தத் தடவை அது வரவே இல்லை.

அடுத்த மாதம் புயல் வந்தது. கடலூர்க்காரர்களுக்குப் புயல் புதுசு இல்லை. ஆனால் அந்த முறை தண்ணீர் வீட்டுக்குள் முழங்கால் வரை ஏறிவிட்டது. நானும் மனைவியும் மாடிக்குப் போனோம். அவன் வராத மாடிதான் எங்களுக்கு அன்றைக்கு வீடு. அவள் போன் தண்ணீரில் விழுந்து செத்துப்போனது. என் போனை எதிர்வீட்டுப் பாய் அவர் வீட்டு இன்வெர்ட்டரில் சார்ஜ் போட்டுக் கொடுத்திருந்தார்.

அன்று சாயங்காலம் அவள் கீழே போய் அரிசி மூட்டையை மேலே தூக்கி வைத்துக்கொண்டிருந்தபோது என் போன் அதிர ஆரம்பித்தது. அவன்தான். எட்டு தடவை அடித்து ஓய்ந்தது. எட்டு தடவையும் அவன் படத்தைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தேன். ஒன்பதாவது தடவை எரிச்சல் வந்து கட் பண்ணினேன். போனையும் அணைத்துவிட்டேன்.

அவள் மேலே வந்து, "புள்ள போன் பண்ணானா?" என்று கேட்டாள்.

"டவர் இல்ல" என்றேன்.

ரெண்டு நாள் அதையே கேட்டாள். ரெண்டு நாளும் அதையே சொன்னேன். மூன்றாம் நாள் பாய் வீட்டுப் போனிலிருந்து அவனிடம் பேசி, அழுது முடித்துவிட்டு வந்தாள். இன்றைக்கு நினைத்தாலும் எனக்கு வெட்கமாக இருக்கிறது.

அதற்கப்புறம் அவள் மகனோடு பேசிவிட்டு வந்து, என்னிடம் சொல்லாமல், கத்தரிக்காயிடம் சொல்வாள். அரிவாள்மணைக்கு முன்னால் உட்கார்ந்து, எனக்குக் கேட்கிற மாதிரி. "வெள்ளிக்கிழமையானா ரெண்டு பேரும் ஆட்டம் பாக்கப் போறாங்களாம். கட்டையால அடிச்சுட்டு ஓடுற ஆட்டமாம். தொப்பியெல்லாம் வாங்கியிருக்கானாம்." நான் பேப்பரைப் பிரித்து முகத்தை மறைத்துக்கொள்வேன்.

என் போனில் உலகத்து ரேடியோ நிலையங்களையெல்லாம் கேட்கிற ஒரு ஆப் உண்டு. பழைய பாட்டுக்காகப் போட்டு வைத்தது. ஒரு நாள் அதில் அவன் ஊர்ப் பெயரை அடித்துப் பார்த்தேன். ஏதோ பாட்டு, கார் விளம்பரம். விட்டுவிட்டேன். சித்திரையில் ஒரு விடியற்காலை, மோட்டார் போட்டுவிட்டுத் தொட்டி நிரம்பக் காத்திருந்தபோது, திரும்பவும் வைத்தேன். ஒரு மனிதர் அவசரமே இல்லாமல் பேசிக்கொண்டிருந்தார். பின்னால் கூட்டத்தின் இரைச்சல். யாரோ எதையோ கூவி விற்கிறார்கள். தொட்டி நிரம்பி வழிகிற சத்தம் கேட்ட பிறகுதான் எழுந்தேன்.

கிரிக்கெட் வர்ணனை கேட்டு வளர்ந்த காது என்பதால் ஆட்டம் பிடிபட ரெண்டு வாரம் போதுமாக இருந்தது. மூன்று முறை தவறவிட்டால் அவுட். மூன்று பேர் அவுட்டானால் அடுத்த அணி ஆட வேண்டும். அப்படி ஒன்பது சுற்று. அது பெரிய அணி இல்லை, ஊர் அணி. டிவியில் வருகிற ஆட்டக்காரர்கள் ஆவதற்கு முன்னால் பையன்கள் ஆடிப் பழகுகிற இடம். வர்ணனைக்கும் ஒரே ஒரு ஆள்தான். பந்து வருவதைவிட வராத நேரம்தான் அதிகம். அந்த நேரத்தை நிரப்ப அவர் ஊர்க்கதை பேசுவார். கொடி எந்தப் பக்கம் பறக்கிறது, மழை வருமா, எந்தச் சாலையை மூடியிருக்கிறார்கள். எனக்கு வேண்டியது அதுதான். யார் ஜெயித்தால் எனக்கென்ன?

அங்கே வெள்ளிக்கிழமை சாயங்கால ஆட்டம் எனக்குச் சனிக்கிழமை காலை ஐந்து மணிக்குத் தொடங்கும். பாதி ஆட்டம் மொட்டை மாடியில், மீதி ரயிலில். சனிக்கிழமைகளில் மட்டும் கூட்டம் கைதட்டினால் வால்யூமைக் கூட்டி வைப்பேன். அதில் ரெண்டு கை என் பையனுடையது. பிரித்துக் கேட்க முடியாது என்பது எனக்குத் தெரியாதா? ஆனாலும் கேட்பேன்.

புரட்டாசியோடு ஆட்டங்கள் முடிந்துவிட்டன. அங்கே குளிர்காலம். ஆறு மாதம் அந்த ரேடியோவில் அவனைப் பற்றி எனக்கு ஒரு தகவலும் இல்லை. அந்த ஆறு மாதத்தில் ஒரு நாள் போனை எடுத்துப் பேசியிருக்கலாம். வீம்பு. வேறென்ன சொல்ல?

மறுபடி சித்திரையில் ஆட்டம் தொடங்கியது. ஒரு நாள் மனைவி வெண்டைக்காயிடம், "பாலத்துல வேலை நடக்குதாம், ஆபீசுக்குச் சுத்திக்கிட்டுப் போறானாம்" என்றாள்.

"ஆடி வரைக்கும் நடக்கும்" என்று வாய் தவறிச் சொல்லிவிட்டேன்.

அவள் நிமிர்ந்து பார்த்தாள். எந்தப் பாலத்தைச் சொல்கிறேன் என்று கேட்கவில்லை. ஒரு வெண்டைக்காயைக் கூடுதலாகப் பொடியாக நறுக்கினாள்.

வைகாசியில் அந்தச் சனிக்கிழமை வந்தது. மூன்றாவது சுற்றிலேயே வர்ணனையாளர் புயல் எச்சரிக்கை இருக்கிறது என்று சொன்னார். நான் பதறவில்லை. எங்கள் ஊரில் புயல் சொல்லிவிட்டுத்தான் வரும். துறைமுகத்தில் ஒன்றாம் நம்பர் கூண்டு ஏற்றுவார்கள். அப்புறம் நம்பர் ஒவ்வொன்றாக ஏறும். மெழுகுவத்தி, பிரெட் வாங்கி, குடத்திலெல்லாம் தண்ணீர் பிடித்து வைக்க ரெண்டு நாள் இருக்கும். அந்தக் கணக்கில், சாயங்காலம் வீட்டுக்கு வந்து எப்படியாவது மனைவி காதில் போட்டு, பையனிடம் சொல்லச் சொல்லலாம் என்று நினைத்துக்கொண்டு ரயிலேறினேன். அங்கே புயலுக்குக் கால் மணி நேரம் போதும் என்பது எனக்குத் தெரியாது.

எதிர்வீட்டுப் பாய் எனக்கு எதிரில் உட்கார்ந்திருந்தார். பரங்கிப்பேட்டையில் செருப்புக் கடை வைத்திருக்கிறார். தினமும் அதே ரயில்தான். ஆலப்பாக்கம் தாண்டியதும் காதில் அபாயச் சங்கு ஊதுகிற சத்தம் கேட்டது. நிற்காமல் ஊதியது. வர்ணனையாளர் நிதானமான குரலில், எல்லோரும் கீழே இருக்கும் அறைகளுக்குப் போங்கள், ஓடாதீர்கள், குழந்தைகளைப் பிடித்துக்கொள்ளுங்கள் என்றார். கொஞ்ச நேரம் கழித்து, என்னையும் இறங்கச் சொல்கிறார்கள் என்றார். நாற்காலி நகர்ந்தது. கதவு சாத்தும் சத்தம் கேட்டது. மைக்கை அணைக்காமல் போய்விட்டார்.

அப்புறம் நான் கேட்டது ஆளில்லாத மைதானத்தை. மழை இறங்கியது. காற்றின் சுருதி ஏறிக்கொண்டே போனது.

"என்னா மச்சான், மூஞ்சி ஒரு மாதிரி ஆயிடுச்சு?" என்றார் பாய்.

"புள்ள ஊர்ல புயலு."

"யாரு சொன்னா?"

ஒரு காதிலிருந்த இயர்போனைக் கழற்றி அவரிடம் கொடுத்தேன். அவரும் கடலூர்க்காரர்தானே, காதில் வைத்த உடனே அவர் முகம் மாறியது. "தகரம் பிச்சுக்கிட்டுப் போவுது மச்சான்" என்றார். கொஞ்சம் பொறுத்து, "போன் போடு" என்றார்.

நான் ஜன்னல் பக்கம் திரும்பினேன்.

"போடுய்யா. சண்டைய அப்புறம் வச்சுக்கலாம்."

அவன் பெயரைத் தேடி அழுத்தினேன். ஒன்றரை வருஷத்துக்கு அப்புறம். ரிங் போனது. போய்க்கொண்டே இருந்தது. எடுக்கவில்லை. திரும்பவும் போட்டேன். பரங்கிப்பேட்டை ஸ்டேஷன் வந்தது. பாய் இறங்கவில்லை. "கடை எங்கயும் ஓடிடாது" என்று மட்டும் சொன்னார். வெள்ளாற்றுப் பாலத்தில் எப்போதும் போல சிக்னல் அறுந்துவிட்டது. பாலம் தாண்டி ரேடியோவை வைத்தேன். ஒன்றும் வரவில்லை.

சிதம்பரம் பிளாட்பாரத்தில் பெஞ்சில் உட்கார்ந்து திரும்பத் திரும்பப் போட்டேன். ஒவ்வொரு தடவையும் ரிங் முழுசாகப் போய் முடிந்தது. அப்போதுதான் எனக்கு உறைத்தது. அன்றைக்கு மாடியில் என் போன் அதிர்ந்துகொண்டிருந்தபோது அந்தப் பக்கம் அவன் இப்படித்தான் இருந்திருப்பான். தண்ணீரில் மூழ்கிக்கிடக்கும் ஊரில் அப்பா அம்மா இருக்கிறார்களா இல்லையா என்று தெரியாமல். நான் அவன் படத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேனே, பாவி. எடுக்காவிட்டால் போகிறான், கட்டாவது பண்ணட்டும் என்று வேண்டிக்கொண்டேன். கட் பண்ணினால் அவன் விரல் அசைகிறது என்றாவது தெரியும். கட் பண்ணுடா, கட் பண்ணுடா என்று வாய்விட்டே சொன்னேன் போலிருக்கிறது. பாய் என் முதுகில் கை வைத்தார்.

பதினோராவது தடவையும் ஓய்ந்தது. மனைவியிடம் என்ன சொல்வது? கால் மணி நேரம் கழித்துப் போன் அடித்தது. அவன்.

"அப்பா, அம்மாவுக்கு என்னா?"

அதுதான் முதல் வார்த்தை. நானாகக் கூப்பிட்டால் அதற்கு ஒரே காரணம்தான் இருக்க முடியும் என்று அவனை நினைக்க வைத்திருக்கிறேன்.

"அம்மா நல்லாருக்கா. வூட்ல இருக்கா. நீ எங்கடா இருக்க?"

"கிரவுண்டுலப்பா. எல்லாரையும் கீழ ரூமுல நிறுத்தி வச்சிருந்தாங்க. போனு கார்ல மாட்டிக்கிச்சு. இப்பத்தான் வெளிய வுட்டாங்க."

"மருமவ?"

"பக்கத்துலதான் நிக்கிறா. ஒண்ணும் ஆவல."

"கரண்டுக் கம்பி அறுந்து கெடக்கும். பாத்துப் போ. வீட்டுக்குப் போயி மொதல்ல கூரையப் பாரு. குடிக்கத் தண்ணி இருக்கா?"

"இருக்குப்பா. உங்களுக்கு எப்படிப்பா தெரியும்?"

"ரேடியோவுல. ஆட்டம் கேட்டுக்கிட்டு இருந்தேன்."

"எங்க ஊரு ஆட்டத்தையா? இன்னிக்கா?"

"போன வருஷத்துலேர்ந்து."

அந்தப் பக்கம் யார் யாரோ பெயர் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். இப்போது சொல்லாவிட்டால் எப்போதும் சொல்லமாட்டேன் என்று தோன்றியது.

"டேய், அன்னிக்கு இங்க புயலப்ப, நீ போன் பண்ணப்ப..."

"அம்மா சொன்னாங்கப்பா. டவர் இல்லன்னு."

அதோடு விட்டிருக்கலாம். அவனே வழிவிட்டுக் கொடுத்தான்.

"டவர் இருந்துச்சுடா" என்றேன்.

"தெரியும்பா. டவர் இல்லன்னா ரிங் போவாதே." அவன் குரலில் கோபம் இல்லை. "எட்டு வாட்டி ரிங் போயிக்கிட்டே இருந்துச்சு. ஒம்பதாவது வாட்டி கட் பண்ணீங்க பாருங்க, அப்பத்தான் எனக்கு மூச்சே வந்துச்சு. அப்பா இருக்காருன்னு. கட் பண்ற கோவம் இருந்தா அம்மாவும் நல்லாதான் இருப்பாங்கன்னு நெனச்சுக்கிட்டேன்."